வேலிக்குள் மூன்று பேர்

அத்தியாயம் 5

கதவில் பூட்டு தொங்கியது. காலையில் உள்ளே வரும்போது அது அங்கே இல்லை.

ஜெயராஜ் அதை ஒரு இழு இழுத்துப் பார்த்தான். பித்தளைப் பூட்டு, அசையவில்லை. தோட்டத்தின் முகப்பு முழுக்க முள்கம்பி வேலி. ஒரு முனையில் மரக்கிடங்கின் உயரமான செங்கல் சுவர், மறுமுனையில் சுங்கை, கடலுக்கு ஓடுகிற சேற்று ஆறு. வேலிக்கு அப்பால், கை நீட்டினால் தொட்டுவிடலாம் போல ஜெலுத்தோங் ரோடு. டிராலி பஸ் ஒன்று டவுனைப் பார்த்துச் சத்தமில்லாமல் நழுவிப் போனது. ஜன்னலோரம் இருந்த சீனர் ஒருவர், கூண்டில் இருக்கிற பிராணியைப் பார்ப்பதுபோல் ஜெயராஜைப் பார்த்துக்கொண்டே போனார்.

"அண்ணே, கொப்பரை வியாபாரின்னு சொல்லி உள்ள நுழைஞ்சது உங்க யோசனை. வெளிய போறதுக்கு என்ன வேஷம்? தேங்காயாவே உருண்டு போயிடலாமா?"

துப்பறியும் வயிரவனின் கண் வேறெங்கோ இருந்தது. பினாங்கு ஸ்ட்ரீட்டில் ஒரு செட்டியார் வட்டிக் கிட்டங்கியில் பல வருஷம் அடுத்தாளாக, உதவி ஏஜெண்டாக, இருந்தவர் அவர். அடமானத்துக்கு வருகிற தோட்டங்களை நேரில் போய்ப் பார்ப்பதுதான் அவருடைய வேலை. நிலம் பொய் சொல்லாது, அதைக் காட்டுகிற ஆள்தான் சொல்வான் என்று அங்கே கற்றுக்கொண்டு, இப்போது குவீன் ஸ்ட்ரீட் மாடியில் சொந்தமாகப் போர்டு மாட்டியிருந்தார். பேச வேண்டிய நேரத்தில் பேசமாட்டார். அதற்காகத்தான் ஜெயராஜுக்குச் சம்பளம்.

அவர் பார்த்துக்கொண்டிருந்தது பூட்டை அல்ல, கல்லை.

கதவுக்குப் பக்கத்தில், சுங்கைக் கரையின் விளிம்பில், இன்னும் ஓரடி தள்ளினால் தண்ணீரில் விழுந்துவிடும் என்கிற இடத்தில் அது நின்றது. முழங்கால் உயரக் கருங்கல், எண்ணெய் ஏறிக் கன்னங்கரேலென்று இருந்தது. அதன் முன்னால் தோட்டத்து ஜாகா குந்தியிருந்தான். காவலுக்கு நிற்கிறவன் கையில் கம்பு இருக்கும். இவனிடம் பாராங் கத்தி இருந்தது. அதை அந்தக் கல்லின் தலையில் வைத்து, சர்ரக், சர்ரக் என்று தீட்டிக்கொண்டிருந்தான்.

"சாமிக்குச் சவரமா?" என்று ஜெயராஜ் கேட்டான்.

ஜாகா பல்லைக் காட்டினான். தீட்டுவதை நிறுத்தவில்லை.

"கதவைத் தொறலா. பஸ்ஸு போகுது."

"சாவி மொதலாளி இடுப்புல இருக்கு."

அந்த முதலாளியே வந்துகொண்டிருந்தார். பிச்சைமுத்து, ஐம்பது வயசு. நெற்றி நிறைய விபூதி, தோளில் ஈரத் துண்டு, காலில் டவுனில் வாங்கின தோல் செருப்பு. கொடியவன் முகம் ஒன்றை எதிர்பார்த்து வந்த ஜெயராஜுக்குக் கொஞ்சம் ஏமாற்றமாக இருந்தது. இந்த முகத்தைப் பார்த்தால் கோயிலில் தேங்காய் மூடியைக் கேட்டு வாங்கத் தோன்றும்.

"கொப்பரை பார்த்தாச்சா செட்டியாரே?"

"பார்த்தேன். எல்லாம் முளைச்சிருக்கு."

"குவீன் ஸ்ட்ரீட்ல துப்பறியறவர்னு போர்டு போட்ட ஆளு கொப்பரை வாங்க வந்தா, நான் கப்பல் வாங்கப் போகணும்லா!" பிச்சைமுத்து சிரித்தார். "என் தம்பி பொண்டாட்டி கூப்பிட்டு வந்திருக்கீங்க. வாங்க, தப்பில்ல. சாயங்காலம் சர்வேயர் வந்து எல்லை ஆணி அடிச்சுட்டுப் போற வரைக்கும் இங்கேயே இருங்க. இப்ப வெளிய விட்டா, பாசார்ல ஒரு பழைய வண்டிக்காரனைப் பிடிச்சு, 'நான் இந்த வழியா வண்டி ஓட்டினேன்'னு சாட்சி சொல்ல வைப்பீங்க. எனக்குத் தெரியாதா?"

ஜெயராஜ் ஓரக்கண்ணால் வயிரவனைப் பார்த்தான். அட்சரம் பிசகாமல் அதுதான் வயிரவனின் திட்டம். நேற்று ராத்திரி அதை அவர் சொன்னபோது ஜெயராஜ் கைகூடத் தட்டியிருந்தான்.

"இது சட்டப்படி குத்தம் தெரியுமா?" என்று ஜெயராஜ் குரலை உயர்த்திக்கொண்டே இரண்டடி பின்வாங்கினான். காலில் ஏதோ இடறியது. ஒரு தென்னைமரத்தடியில், கவிழ்த்து வைத்த மூங்கில் கூடை. அதன்மேல் பாரத்துக்கு ஒரு செங்கல். மிடுக்காக நிற்க வசதியாக இருந்ததால், செங்கல்லின் மேல் ஒரு காலைத் தூக்கி வைத்தான்.

"தொடாதே!"

அலறல் பிச்சைமுத்துவிடமிருந்துதான் வந்தது. கத்தி தீட்டுகிற சத்தம் நின்றது.

"காலை எடு! எடுடா காலை!"

ஜெயராஜ் எடுத்தான். பிச்சைமுத்து ஓடிவந்தார். கூடைக்கு நாலடி முன்பே செருப்பை உதறிவிட்டு, வெறுங்காலோடு வந்து, கூடையைச் சுற்றிக் கையால் தடவிப் பார்த்தார். எதுவும் நகரவில்லை என்று தெரிந்ததும் மூச்சு வந்தது. திரும்பிப் போய்ச் செருப்பை மாட்டிக்கொண்டார்.

"தென்னங்கன்னு. மிதிச்சா போயிடும்" என்றார் யாரையும் பார்க்காமல்.

"தென்னங்கன்னுக்கா இந்த அலறல்? பெத்த பிள்ளை கிணத்துல விழுந்தாக்கூட இவ்வளவு சத்தம் வராதே!"

பிச்சைமுத்து விறுவிறுவென்று கிளம்பினார். கல்லை உரசிக்கொண்டே நடந்து, ஜாகாவின் தோளில் ஒரு தட்டுத் தட்டிவிட்டுத் தன் வீட்டைப் பார்த்துப் போனார். அவருக்குப் பின்னால் சர்ரக், சர்ரக் மறுபடி ஆரம்பித்தது.

வயிரவன் மூக்குப்பொடி டப்பியைத் திறந்தார். யோசிக்க ஆரம்பித்துவிட்டார் என்று அர்த்தம்.

தோட்டத்தின் பின்பாதியில், பிச்சைமுத்துவின் தம்பி மனைவி நவமணியின் வீடு. வாசலில் தேங்காய் ஜன்னல் உயரத்துக்குக் குவிந்து கிடந்தது. வெளியே கொண்டுபோக வழியில்லாமல் தேங்கிய காய்கள். அத்தனையும் முளைவிட்டுப் பச்சை ஈட்டிகளாக நீட்டிக்கொண்டிருந்தன. இன்னும் கொஞ்ச நாள் விட்டால், குவியலே ஒரு தோப்பாகி வீட்டை மூடிவிடும் போலிருந்தது.

நவமணி பாலில்லாத காப்பி கொடுத்தாள். வழக்கை அவள் சொல்லச் சொல்ல, ஜெயராஜ் விரலால் மண்ணில் படம் போட்டுப் பார்த்துக்கொண்டான்.

அவள் மாமனார் தோட்டத்தை இரண்டாகப் பிரித்தார். ரோட்டுப் பக்கப் பாதி மூத்தவன் பிச்சைமுத்துவுக்கு, கடல் பக்கப் பாதி இளையவன் நல்லமுத்துவுக்கு. பின்பாதிக்காரன் ரோட்டுக்கு வர வேண்டுமே? அதற்காக முன்பாதியில், சுங்கைக் கரையை ஒட்டி, மாட்டுவண்டி போகிற அகலத்துக்கு ஒரு வழியை இளையவன் பங்கில் சேர்த்தார். அந்த வழிக்கு அடையாளமாக ரோட்டோரம் ஒரு கல் நட்டார். கல்லுக்கும் கரைக்கும் நடுவே இருப்பது இளையவன் வழி. கல்லுக்கு அந்தப்புறம் மூத்தவன் மண்.

"பத்திரம்?" என்றார் வயிரவன்.

"மொத்தத் தோட்டத்துக்கும் மாமனார் பேர்ல ஒரே பத்திரம். பிரிச்சதுக்குப் பத்திரம் அந்தக் கல்லுதான். கல்லுல எல்லை முனியை இறக்கி, சேவல் அறுத்து, ரெண்டு பேரையும் சத்தியம் பண்ண வச்சாரு. 'தகராறு வந்தா முனி மேல கை வச்சுச் சொல்லுங்க. கை வச்சு எவன் எதைச் சொல்றானோ அதுதான் எல்லை'ன்னாரு."

போன வருஷம் நல்லமுத்து காய்ச்சலில் போய்விட்டான். கருமாதி முடிந்து, புக்கிட் மெர்தாஜாமில் அக்கா வீட்டில் சில நாள் தங்கிவிட்டு நவமணி திரும்பி வந்தபோது, கல் கரையோரம் நின்றது. கல்லுக்கும் சுங்கைக்கும் நடுவே ஒரு கோழி போகக்கூட இடமில்லை. வழி போய்விட்டது. ரோட்டோரம் வேலி முளைத்திருந்தது.

"கேட்டா, 'தம்பி ரெண்டு வருஷமா படையல் போடலை. முனிக்குக் கோவம். அவரே நடந்து வந்து எல்லையை மாத்திட்டாரு'ங்கிறாரு. பாசார்ல எல்லாரும் கன்னத்துல போட்டுக்கிறாங்க. முனிக்கு எதிரா யாரு சாட்சி சொல்ல வருவாங்க?"

"நடக்கிற கல்லு! ஒரு ரிக்‌ஷாக்காரனுக்குப் போட்டி" என்றான் ஜெயராஜ்.

நவமணி சிரிக்கவில்லை. "அன்னைக்கு உள்ள வந்தவ, இன்னும் கதவைத் தாண்டலை. வெளிய போகலாம் செட்டியாரே. போறேன்னு சொன்னா உடனே கதவு திறக்கும். திரும்பி வரத்தான் திறக்காது. இந்தப் பக்கம் சுவர், அந்தப் பக்கம் சுங்கை, பின்னால கடல் சேறு. தண்ணி ஏறும்போது அக்கரை மலாய்க்காரங்க கம்பத்துலேர்ந்து சலேஹா சம்பான் படகுல வந்து அரிசி கொடுப்பா. உங்களுக்குச் சேதி கொண்டு வந்ததும் அவதான்."

"உங்க மச்சாண்டாருக்கு இதுல என்ன லாபம்?" என்று வயிரவன் கேட்டார்.

"எண்ணெய் ஆலை தவுக்கே, சீன மொதலாளி ஒருத்தர், தோட்டத்தைக் கேக்கிறாரு. ரோடும் கடலும் சேர்ந்து வந்தாத்தான் வாங்குவாராம். வழியில்லாத நிலத்தை நான் வேற யாருக்கு விக்க முடியும்? இவரு சொல்ற விலைக்கு இவருக்குத்தான் கொடுக்கணும். கொடுத்துட்டு எங்க போறது?"

"அப்புறம் ஏன் பயப்படலை நீங்க?" என்று வயிரவன் திடீரென்று கேட்டார். "உங்க குரல்ல பயம் இல்லையே."

நவமணியின் முகத்தில் முதல்முறையாக ஒரு வெளிச்சம் வந்தது.

"சர்வே ஆபீஸுக்குக் கொடுத்த மனுவுல ஒரே ஒரு வரி எழுதச் சொன்னேன். மச்சாண்டார் முனிக் கல்லு மேல கை வச்சு எதைச் சொன்னாலும் நான் கட்டுப்படறேன்னு. அவரால முடியாது செட்டியாரே. முனியோட நிழலைத் தாண்டிட்டேன்னு மூணு நாள் காய்ச்சல்ல படுத்த மனுஷன் அவரு. யாரை விட்டோ கல்லை நகர்த்திட்டாரு. ஆனா கை வச்சுப் பொய் சொல்ல மாட்டாரு. நாக்கு எழும்பாது."

வயிரவன் பொடி டப்பியை மெதுவாக மூடினார்.

"ஜாகா அந்தக் கல்லுல கத்தி தீட்டுறானே, அவர் பார்த்திருக்காரா?"

"தினமும் பார்க்கிறாரு. கை முடங்கிப் போகும்னு நான்தான் கத்தினேன். ரெண்டு பேருமே சிரிக்கிறாங்க."

"அந்தக் கூடைக்குள்ள என்ன?"

"ஏதோ கன்னு. காலையில குளிச்சிட்டு வந்து தண்ணி ஊத்துவாரு. ஒரு நாள் தவறினதில்ல. இத்தனை நாள்ல ஒரு இலைகூட எட்டிப் பார்க்கலை."

ஜெயராஜ் துள்ளி எழுந்தான். "அண்ணே, புரிஞ்சு போச்சு! கல்லைப் பிடுங்கின குழி! அதைத்தான் கூடை போட்டு மூடி வச்சிருக்காரு. கூடையைத் தூக்கினா குழி. குழி இருந்தா கேஸ் முடிஞ்சுது!"

"குழியைப் பார்த்துச் சர்வேயர் என்ன சொல்லுவார்?"

"என்ன சொல்லுவார்... குழின்னுதான்."

"தோட்டத்துல குழி இருக்கிறது குத்தமா? தென்னங்கன்னு வைக்கத் தோண்டினேன்னு சொன்னா?"

ஜெயராஜ் உட்கார்ந்துவிட்டான்.

கொஞ்ச நேரத்தில் மறுபடி எழுந்தான். அடைபட்ட இடத்தில் சும்மா உட்கார்ந்திருக்க அவனால் முடியாது. சுங்கையில் இறங்கி அக்கரைக்குப் போய் வண்டிக்காரனைப் பிடிக்கிறேன் என்று கிளம்பினான். தண்ணீர் வற்றியிருந்தது. முதல் அடியில் கணுக்கால், இரண்டாவதில் முழங்கால், மூன்றாவதில் தொடை என்று சேறு அவனை விழுங்க ஆரம்பித்தது. முன்னேயும் போக முடியவில்லை, பின்னேயும் வர முடியவில்லை. இழுக்க இழுக்க இன்னும் இறங்கியது. கரையில் ஜாகா பாராங்கை மடியில் வைத்துக்கொண்டு வேடிக்கை பார்த்தான். நவமணி ஒரு தென்னை மட்டையை நீட்டி இழுத்துப் போட்டபோது, ஜெயராஜின் ஒரு பூட்ஸைச் சுங்கை வைத்துக்கொண்டது.

"ஒண்ணை வச்சுக்கிட்டு அது என்ன பண்ணப்போகுது?" என்று முனகிக்கொண்டே அவன் கரையில் கிடந்தான். அந்த மூன்று நிமிஷத்தில் அவனுக்கு ஒன்று விளங்கியது. இந்தப் பெண் மாதக்கணக்கில் இப்படித்தான் நின்றுகொண்டிருக்கிறாள்.

சர்வேயர் திருநாவுக்கரசு சாயங்காலம் வந்தார். கனத்த உடம்பு, வெள்ளைத் தொப்பி. கூட ஆளொருவன் அளவுச் சங்கிலியும் இரும்பு ஆணியும் சம்மட்டியும் சுமந்து வந்தான். அவருக்காகக் கதவு திறந்து, அவர் உள்ளே வந்ததும் மறுபடி பூட்டிக்கொண்டது.

"அஞ்சு மணிக்கு எனக்கு டென்னிஸ் ஆட்டம் இருக்கு, சுருக்க முடிப்போம்" என்றார். "பிரிவினைக்குப் பத்திரம் இல்ல. ரெண்டு பேரும் ஒத்துக்கிற எல்லைதான் எல்லை. ஆணி அடிச்சுட்டேன்னா அப்புறம் கலெக்டர் வந்தாலும் மாத்த முடியாது. இந்தம்மா மனுவுல, மச்சாண்டார் கல் மேல கை வச்சு என்ன சொன்னாலும் சம்மதம்னு எழுதியிருக்காங்க. சரிதானேம்மா?"

"சரிதான் சார்."

நவமணி முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு, பிச்சைமுத்துவின் முகத்துக்கு நேரே வந்து நின்றாள். அவர் கண்ணைப் பார்த்தே நிறுத்திவிடலாம் என்கிற நம்பிக்கை அவள் நின்ற நிலையில் இருந்தது.

"செய்யுங்க மாமா. முனி மேல கை வைங்க."

பிச்சைமுத்து கல்லின் பக்கம் போனார். குனிந்தார். வலது கையை அதன் கறுத்த தலையில் அழுத்தமாக வைத்தார். கை நடுங்கவில்லை. குரலும் நடுங்கவில்லை.

"இந்தக் கல்லு நிக்கிற இடந்தான் எல்லை. கல்லுக்கும் சுங்கைக்கும் நடுவுல யாருக்கும் வழி கிடையாது. இது சத்தியம்."

நவமணி அவர் நாக்கையே பார்த்துக்கொண்டிருந்தாள். அதற்கு ஒன்றும் ஆகவில்லை. அவர் நிமிர்ந்து, துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார்.

அவள் அப்படியே மண்ணில் உட்கார்ந்துவிட்டாள். தான் எழுதச் சொன்ன ஒரு வரி. தன் கையாலேயே போட்ட பூட்டு.

"அவ்வளவுதான்" என்று சர்வேயர் ஆளுக்குச் சைகை காட்டினார். ஆணியின் முனை கல்லின் அடியில் ஊன்றப்பட்டது. சம்மட்டி மேலே போனது. ஜெயராஜுக்கு, வேலியும் சுவரும் சுங்கையும் ஒரே சமயத்தில் ஒரு முழம் நெருங்கி வந்தது போலிருந்தது.

"சார், அந்தச் சம்மட்டியைக் கொஞ்சம் இறக்கச் சொல்லுங்க" என்றார் வயிரவன்.

"என்ன செட்டியார்? சத்தியம் ஆயிடுச்சே?"

"ஆச்சு. செருப்புக் காலோட ஆச்சு."

எல்லாரும் பிச்சைமுத்துவின் காலைப் பார்த்தார்கள். டவுன் தோல் செருப்பு பளபளவென்று இருந்தது.

"நிழலைத் தாண்டினாலே காய்ச்சல்ல படுக்கிற மனுஷர், இன்னைக்குச் செருப்பைக்கூடக் கழட்டாம முனி தலையில கை வைக்கிறாரு. அந்த முனி மேல ஒருத்தன் கத்தி தீட்டுறான், இவரு தட்டிக்கொடுத்துட்டுப் போறாரு. ஆனா காலையில அந்தக் கூடைக்குப் பக்கத்துல போக, நாலடி முன்னாடியே செருப்பு கழண்டுது. ஜெயராஜோட கால் அதுமேல பட்டதும் உயிரே போன மாதிரி கத்தினாரு." வயிரவன் நவமணியின் பக்கம் திரும்பினார். "ஏம்மா, கோயில் திருப்பணி செஞ்சா, மூலஸ்தானத்துச் சாமியை என்ன செய்வாங்க?"

இந்த நேரத்தில் இது என்ன கேள்வி என்பதுபோல் அவள் தலையைத் தூக்கினாள். "கும்பத்துல இறக்கி வைப்பாங்க."

"எனக்காகக் கொஞ்சம் விளக்கமாச் சொல்லுங்கக்கா, நான் மாதாகோயில்காரன்" என்றான் ஜெயராஜ்.

"சாமி இருக்கிற கல்லை அசைக்கக் கூடாது. அதனால மந்திரம் சொல்லி, சாமியைக் கும்பத்துத் தண்ணியில இறக்கிடுவாங்க. அப்புறம் அது வெறும் கல்லுதான், தூக்கலாம், வைக்கலாம். வேலை முடியற வரைக்கும் பூசையெல்லாம் கும்பத்துக்குத்தான். தினமும் தண்ணி..."

அவள் பேச்சு நின்றுபோனது. தலை மெதுவாகக் கூடையின் பக்கம் திரும்பியது.

"தினமும் தண்ணி ஊத்துவாங்க" என்று வயிரவன் முடித்தார். "திருடனா இருந்தா கல்லைப் பிடுங்கி நட்டுட்டுப் போயிருப்பான். இவரு பக்திமான். முனியைத் தொட பயம். ஒரு பூசாரியைக் கூட்டிவந்து, முதல்ல முனியைக் கும்பத்துல இறக்கினாரு. அப்புறம் வெறும் கல்லைத் தைரியமா நகர்த்தினாரு. ஆனா புது இடத்துல முனியைத் திரும்ப ஏத்தலை. ஏத்தினா பொய் எல்லைக்கு முனியே காவல் நிக்கணுமே, அதுக்கு மனசு துணியலை. கும்பத்தை வேற இடத்துக்குக் கொண்டுபோகவும் பயம். அதனால இறக்கின இடத்துலயே கூடையைக் கவுத்துட்டாரு."

"அப்படின்னா கல்லு மட்டுந்தான் நடந்து வந்திருக்கு! சாமி பழைய இடத்துலயே நிக்குது!" என்று ஜெயராஜ் கத்தினான்.

"கதை நல்லாருக்கு" என்றார் பிச்சைமுத்து. சிரிக்கப் பார்த்தார். உதடு பாதி தூரம் போய் நின்றுவிட்டது. "ஆதாரம்?"

"எனக்கு ஆதாரம் வேண்டாம் அண்ணே. சர்வேயர் சாருக்கும் வேண்டாம். கூடையைக்கூடத் திறக்க வேண்டாம். இப்ப சொன்ன அதே சத்தியத்தை, அதே வார்த்தையில, அந்தக் கூடை மேல கை வச்சு ஒரு தடவை சொல்லிடுங்க. கல் அங்கேயே இருக்கட்டும். அந்தம்மா நாளைக்கே மூட்டை கட்டிடுவாங்க. நான் பஸ் ஏறிடுறேன்."

"தென்னங்கன்னு மேல எவனாவது சத்தியம் பண்ணுவானா?" என்றார் பிச்சைமுத்து.

"தென்னங்கன்னுதானே, பண்ணினா என்ன?" என்றார் சர்வேயர். டென்னிஸை அவர் மறந்துவிட்டிருந்தார்.

பிச்சைமுத்து கூடையைப் பார்த்தார். செருப்பைக் கழற்றினார். அது அவர் கழற்றியதாகத் தெரியவில்லை, கால்கள் தாமாகக் கழற்றிக்கொண்டன. இரண்டடி வைத்தார். மூன்றாவது அடியில் விபூதிப் பட்டையின் மேல் வியர்வை கோடு போட்டு இறங்கியது. கையை நீட்டினார். கூடைக்கு ஒரு முழம் மேலே அந்தக் கை நின்றது. அங்கிருந்து இறங்க மாட்டேன் என்றது.

"சொல்லுங்க மாமா" என்றாள் நவமணி. சத்தமே இல்லாத குரல்.

முதலில் தோள் தொய்ந்தது. பிறகு பிச்சைமுத்துவின் உடம்பு முழுதும் மடங்கி, கூடைக்கு முன்னால் மண்ணில் விழுந்தது.

"கல்லைத்தான்மா நகர்த்தினேன். சத்தியமா சாமியை நகர்த்தலை."

ஜாகா சந்தடியில்லாமல் பாராங்கை இடுப்புக்குப் பின்னால் மறைத்துக்கொண்டான்.

"திரும்ப ஏத்திடலாம்னுதான் இருந்தேன்" என்று மண்ணைப் பார்த்தே பேசினார் பிச்சைமுத்து. "ஆணி அடிச்சு, நிலத்தை வித்து, அந்தப் பணத்துல முனிக்கு ஒரு கோயிலே கட்டிடறேன்னு வேண்டியிருந்தேன். அதுக்குள்ள பூசாரி கப்பலேறி ஊருக்குப் போயிட்டாரு. 'தண்ணி மட்டும் வத்த விடாதே, வத்தினா உன் வம்சம் வத்திரும்'னு சொல்லிட்டுப் போனாரு. ஒரு நாள் இந்த இடத்தை விட்டு அசைய முடியலை. பத்து காவான் ஊர்ல இருக்கிற மக வீட்டுக்குப் போய் எத்தனை மாசம் ஆச்சு. ராத்திரியில மழை பெய்யலைன்னா, தண்ணி வத்திடுமோன்னு தூக்கம் இல்ல."

ஜெயராஜுக்கு ஒரு கிண்டல் நாக்கு நுனி வரை வந்தது. விழுங்கிவிட்டான்.

சர்வேயர் தொப்பியைக் கழற்றிவிட்டுக் கூடையைத் தூக்கினார். மண்ணில் கழுத்தளவு புதைந்த செப்புக் குடம், வாயில் மாவிலை, சுற்றிலும் மஞ்சள். விளிம்பு வரை தண்ணீர் தளும்பியது.

"எல்லை இதுதானா?"

பிச்சைமுத்து தலையை ஆட்டினார்.

"ஆணியை இங்கேதான் அடிக்கணும். குடம் இருக்கே."

"ஐயோ, குடத்தை அசைக்காதீங்க!" என்று பிச்சைமுத்துவும் நவமணியும் ஒரே குரலில் கத்தினார்கள். கத்திவிட்டு, ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"அப்ப ஒரு சாண் தள்ளித்தான் அடிக்கணும். எந்தப் பக்கம் தள்ளட்டும்?"

"என் பக்கம் தள்ளுங்க" என்றார் பிச்சைமுத்து. "ஒரு சாண் என்ன, ரெண்டு சாண் வேணும்னாலும் எடுத்துக்கட்டும்."

"ஒரு சாண் போதும்" என்றாள் நவமணி.

சம்மட்டி விழுந்தது. மண் அதிர, குடத்துத் தண்ணீரில் வட்டம் வட்டமாக அலை எழுந்து அடங்கியது. சர்வேயர் சங்கிலியை இழுத்து அளந்து, குறித்துக்கொண்டார். ஆணியிலிருந்து சுங்கைக் கரை வரை, மாட்டுவண்டி போகிற அகலம் நவமணிக்கு. பிச்சைமுத்து இடுப்பிலிருந்து சாவியை எடுத்து அவளிடம் நீட்டினார். அவள் அதை வாங்கி, சர்வேயரையும் அவர் ஆளையும் முதலில் வெளியே அனுப்பினாள்.

பிச்சைமுத்து போகவில்லை. இரும்பு ஆணிக்கு அந்தப்புறம் நின்றுகொண்டு, கையைப் பிசைந்தார். குடம் ஆணிக்கு இந்தப்புறம், நவமணியின் மண்ணில் இருந்தது.

"நவமணி."

"ம்."

"வேற பூசாரியைப் பார்த்துக் கூட்டிவரேன். கல்லையும் திரும்ப நட்டு, சாமியை ஏத்திடறேன். அது வரைக்கும்... காலையில தண்ணி ஊத்தணுமே."

"ஊத்தணும்."

"நான் வரலாமாம்மா?"

நவமணி சாவியை இடுப்பில் செருகிக்கொண்டாள். கதவைத் தாண்டி ரோட்டில் இறங்கினாள். டவுன் பக்கம் கொஞ்ச தூரம் நடந்தாள். நின்றாள். எதிரே வந்த ரிக்‌ஷாவுக்கு வழிவிட்டு, மறுபக்கமும் கொஞ்ச தூரம் நடந்தாள். ஒற்றைப் பூட்ஸோடு ஜெயராஜும், பொடி டப்பியோடு வயிரவனும் கதவோரம் காத்து நின்றார்கள். உள்ளே பிச்சைமுத்துவும் காத்து நின்றார்.

அவசரம் எதுவும் இல்லாமல் திரும்பி வந்தாள் நவமணி.

"வாங்க மாமா. ஆனா தினமும் என்னைக் கேட்டுட்டு வாங்க."